கைலாசபதியின் நந்தனும் தோட்டத்து நந்தனும்

இத்தொடரிலே இதுவரை கவிஞர்களையும் கதாசிரியர்களையும் பற்றியே பெரும்பாலும் பேசி வந்தோம். இன்று ஆராய்ச்சியாளர் ஒருவரின் இரண்டு நூல்களை எடுத்துக்கொள்கிறேன். அதற்குக் காரணம் நேயர் ஒருவர் எழுதிய கடிதம். “கைலாசபதி மார்க்சியவாதி. கடவுளையும் சமயத்தையும் வர்க்கக் கண்ணாடி போட்டுப் பார்த்தவர். இந்துக் கல்லூரியிலே தமிழ் படிப்பிக்கும் நீங்கள் அவருடைய சமயக் கட்டுரைகளை உயர்தர வகுப்பு மாணவர் கையிலே கொடுக்கிறீர்களாமே, இது தகுமா?” என்று அவர் கேட்டிருந்தார். சற்றுக் கோபமாகக் கேட்டிருந்தாலும் நியாயமான கேள்விதான். தகும் என்று ஒரு சொல்லிலே பதில் எழுதியிருக்கலாம். ஆனால் அது அவருக்குப் போதாது; எனக்கும் போதாது.

பேராசிரியர் க. கைலாசபதி 1933 ஆம் ஆண்டு ஏப்ரல் 5 ஆந் திகதி கோலாலம்பூரிலே பிறந்தவர். யாழ்ப்பாணம் இந்துக் கல்லூரியிலும் கொழும்பு றோயல் கல்லூரியிலும் பின்னர் பேராதனைப் பல்கலைக்கழகத்திலும் பயின்றவர். 1959 முதல் 1961 வரை தினகரன் ஆசிரியராக இருந்து ஈழத்து எழுத்துக்குப் பத்திரிகையின் கதவைத் திறந்துவிட்டவர். இங்கிலாந்திலே பேர்மிங்ஹாம் பல்கலைக்கழகத்தில், கிரேக்க இலக்கிய அறிஞர் ஜோர்ஜ் தொம்சனிடம் ஆய்வு செய்து கலாநிதிப் பட்டம் பெற்றார். அந்த ஆய்வுதான் சங்கப் பாடல்களைக் கிரேக்க வீரயுகப் பாடல்களோடு ஒப்பிட்டு, ஆங்கிலத்தில் 1968 இல் நூலாக வெளிவந்தது. 1974 இல் யாழ்ப்பாண வளாகத்தின் முதல் தலைவரானார். அதற்கு முன் களனியிலே வித்தியாலங்கார வளாகத்தில் தமிழ்த்துறைக்குத் தலைமை தாங்கினார். எங்கள் கித்துல்கலையைத் தாண்டி ஓடும் கங்கைதான் களனியையும் தொட்டுக் கடலுக்குப் போகிறது. ஆனாலும் அவருடைய எழுத்து மலையேறி எங்கள் தோட்டப் பாடசாலைகளுக்கு வந்துசேரப் பல காலம் எடுத்தது. 1982 டிசம்பர் 6 ஆந் திகதி, ஐம்பது வயதை எட்டுமுன்னரே அவர் காலமானார்.

அவர் எழுதியவற்றுள் ‘தமிழ் நாவல் இலக்கியம்’, ‘ஒப்பியல் இலக்கியம்’ ஆகியவற்றையே எல்லாரும் சொல்வார்கள். சமயத்தை நேராகத் தொட்டவை வேறு இரண்டு. ஒன்று ‘பண்டைத் தமிழர் வாழ்வும் வழிபாடும்’. 1966 இல் வெளிவந்தது. மற்றது ‘அடியும் முடியும்’. 1970 இல் வந்தது.

முதல் நூலின் தலைப்பிலேயே அதன் கொள்கை முழுவதும் இருக்கிறது. வழிபாடு என்பது வானத்திலிருந்து இறங்கியது அன்று. மனிதன் வயிற்றுக்காகச் செய்யும் தொழில், அவன் வாழும் நிலம், அவனை ஆளுகின்ற அதிகாரம் ஆகியவற்றோடு ஒட்டியே அது பிறக்கிறது, மாறுகிறது, பெருந்தெய்வமாக வளர்கிறது என்பது அவர் கட்சி. குறிஞ்சிக்கு ஒரு தெய்வம், முல்லைக்கு ஒரு தெய்வம் என்று தொல்காப்பியம் பகுத்ததை மனப்பாடம் செய்த மாணவனுக்கு இது புதிய செய்தி அல்ல. ஆனால் ஏன் அப்படி என்று கேட்க அவனுக்கு யாரும் சொல்லிக் கொடுப்பதில்லை.

தோட்டத்துப் பிள்ளைகளுக்கு இதை விளக்க எனக்குத் தொல்காப்பியம் தேவைப்படுவதில்லை. தேயிலைத் தொழிற்சாலையிலே உருளும் பெரிய சக்கரத்தை நம் மக்கள் ரோதை என்பார்கள். அந்த ரோதைக்குக் காவலாக ஒரு முனி உண்டு. அவர் பெயர் ரோதமுனி. தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டும் தொழிலுக்கும் ஒரு சாமி உண்டு, கவ்வாத்துச்சாமி. இந்தத் தெய்வங்கள் இராமநாதபுரத்திலோ திருச்சியிலோ சேலத்திலோ இருந்ததில்லை. அங்கே ரோதையும் இல்லை, கவ்வாத்தும் இல்லை. கடல் கடந்து வந்த மக்கள் மாரியம்மனையும் முனியாண்டியையும் மாடசாமியையும் கூடவே கொண்டுவந்தார்கள். ஆனால் இரும்பு உருளைக்குள்ளே கை அகப்பட்டுவிடுமோ என்ற பயம் இங்கே வந்த பிறகு உண்டான பயம். அந்தப் பயத்துக்குக் காவல் நிற்க ஒரு தெய்வம் இங்கேயே பிறக்க வேண்டியிருந்தது. வாழ்வும் வழிபாடும் என்று கைலாசபதி சொன்னதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் சங்க இலக்கியத்திலே எனக்குக் கிடைக்கவில்லை. அவர் தோட்டங்களைப் பற்றி அந்த நூலில் எழுதவில்லை என்பது வேறு விஷயம்.

இங்கே கடிதம் எழுதிய நேயருக்கு ஒரு சொல். ரோதமுனி எப்படித் தோன்றினார் என்று அறிந்த மாணவன், தொழிற்சாலை வாசலில் தேங்காய் உடைக்கும் தன் தகப்பனாரைப் பார்த்துச் சிரிக்கமாட்டான். அந்தத் தேங்காயின் விலை என்னவென்று அவனுக்கு இப்போதுதான் தெரிகிறது.

இனி அதே நூலிலுள்ள ‘நாடும் நாயன்மாரும்’ என்ற கட்டுரையைப் பார்ப்போம். பல்லவர் காலத்துப் பக்தி இயக்கத்தை வெறும் சமயப் போராட்டமாக அவர் பார்க்கவில்லை. சமணமும் பௌத்தமும் வணிக வர்க்கத்தின் ஆதரவில் நின்ற சமயங்கள். சைவம் நிலவுடைமையாளரின் பக்கம் நின்றது. ஆகவே தேவாரத்திலே கேட்கும் சண்டையின் அடியிலே நிலத்துக்கும் வாணிபத்துக்கும் நடந்த சண்டை இருக்கிறது என்பது அவர் முடிவு. சிலப்பதிகாரத்து வணிகரையும் மணிமேகலையின் பௌத்தத்தையும் நினைத்துப் பார்த்தால் இக்கருத்து நம்மை இழுக்கத்தான் செய்கிறது. நாயன்மார் பாடல்களை வரலாற்றோடு வைத்து வாசிக்க வேண்டும் என்று ஒரு தலைமுறையையே தூண்டிய கட்டுரை இது.

ஆனால் இக்கட்டுரையோடு நான் முழுவதும் உடன்படவில்லை. பெரியபுராணத்தைக் கையில் எடுத்து நாயன்மாரின் குலங்களைப் பார்த்தால் கணக்கு அவ்வளவு சுத்தமாக வராது. காரைக்காலம்மையார் வணிகர் மகள். தகப்பன் தனதத்தன், கணவன் பரமதத்தன், இருவரும் வணிகரே. அமர்நீதியார் துணி வாணிபம் செய்தவர். இயற்பகையாரும் வணிகர். எல்லாவற்றுக்கும் மேலாக மூர்த்தி நாயனார். மதுரையைப் பிடித்த சமண மன்னன் சந்தனம் கிடைக்காமல் செய்தபோது, தன் முழங்கையையே கல்லிலே தேய்த்தவர் அவர். அவரும் வணிகர்தான். அப்படியாயின் வணிகர் எல்லாரும் சமணத்தின் பக்கம் நின்றார்கள் என்று எப்படிச் சொல்வது? இவை எல்லாம் 12 ஆம் நூற்றாண்டிலே சேக்கிழார் தொகுத்த செய்திகள், பல்லவர் காலத்து நிலைமையை அப்படியே காட்டமாட்டா என்று கைலாசபதியின் பக்கத்திலிருந்து பதில் சொல்லலாம். அந்தப் பதிலில் பாதி நியாயம் உண்டு. மற்றப் பாதிக்காக மாணவர்களை விவாதிக்க விடுகிறேன். பரீட்சைக்கு இது உதவுமோ தெரியாது. பெரியபுராணத்தை அவர்களாகவே திறந்து பார்க்கிறார்கள்.

‘பேரரசும் பெருந்தத்துவமும்’ என்ற அடுத்த கட்டுரையைப் பற்றி அதிகம் சொல்லப்போவதில்லை. சோழப் பேரரசின் அமைப்பும் சைவ சித்தாந்தத்தின் பதி, பசு, பாசம் என்ற அமைப்பும் ஒன்றையொன்று ஒத்திருக்கின்றன என்கிறார். கேட்கக் கவர்ச்சியான ஒப்புமை. ஆனால் மெய்கண்டார் சிவஞானபோதம் செய்த 13 ஆம் நூற்றாண்டிலே சோழப் பேரரசு சரிந்துகொண்டிருந்தது. அந்த நூற்றாண்டு முடியுமுன் இல்லாமலே போயிற்று. தத்துவம் அரசைத் தாங்க வந்ததா, சரிந்த அரசை நினைத்து ஏங்கியதா என்ற கேள்வி அப்படியே நிற்கிறது.

‘அடியும் முடியும்’ நூலிலேதான் கைலாசபதி தம் திறமை முழுவதையும் காட்டுகிறார் என்பது என் அபிப்பிராயம். ஒரே கதை பல நூற்றாண்டுகளாகத் தமிழிலே எப்படி உருமாறி வந்தது, ஒவ்வொரு காலத்தவரும் அதிலே எதைச் சேர்த்தார்கள், எதைத் தள்ளினார்கள் என்று தேடுவது இந்நூலின் வழி. அகலிகை கதைக்கு ஒரு கட்டுரை உண்டு. வால்மீகியிலே இந்திரனென்று அறிந்தும் இணங்கிய அகலிகை, பின்வந்தோர் கையிலே கல்லாகி, கடைசியிலே புதுமைப்பித்தனின் ‘சாபவிமோசனம்’ கதையில், சீதையை இராமன் தீக்குளிக்கச் சொன்னான் என்று கேட்டு மீண்டும் கல்லாகிறாள். கற்பு என்ற சொல்லின் வரலாறே இதற்குள் அடங்கிவிடும். ஆனால் நான் பேச வந்தது நந்தன் கட்டுரையைப் பற்றி. ‘புலைப்பாடியும் கோபுரவாசலும்’ என்பது அதன் தலைப்பு.

நந்தன் கதை வளர்ந்த வரலாறு வியப்பானது. சுந்தரர் திருத்தொண்டத் தொகையிலே திருநாளைப்போவார் என்ற பெயரை மட்டும் சொல்லி வணங்குகிறார். ஊர் இல்லை, குலம் இல்லை, கதை இல்லை. பின்னர் நம்பியாண்டார் நம்பி ஒரே பாட்டிலே ஆதனூரையும் புலையர் குலத்தையும் சொல்லி, தில்லை மூவாயிரவர் கைகூப்ப அவர் முனிவரானதையும் சொல்லிவிடுகிறார். சேக்கிழார் அதை ஒரு புராணமாக்குகிறார். சேக்கிழாருடைய நந்தன் கோயில்களின் பேரிகைக்குத் தோலும், வீணைக்கும் யாழுக்கும் நரம்பும், பூசைக்குக் கோரோசனையும் கொடுத்துத் தொண்டு செய்தவர். அதற்காக ஊரார் விட்ட நிலம் அவருக்கு இருந்தது. கவனியுங்கள்: சேக்கிழாரிலே பண்ணையார் இல்லை. நந்தன் யாருக்கும் அடிமை இல்லை. ‘நாளைப் போவேன்’ என்று அவர் தள்ளிப்போட்டது எசமான் விடுப்புக் கொடுக்காததால் அன்று. தன் பிறப்பை நினைத்து அவரே தயங்கியதால்.

பண்ணையாரான வேதியரைக் கதைக்குள் கொண்டுவந்தவர் 19 ஆம் நூற்றாண்டிலே நந்தனார் சரித்திரக் கீர்த்தனை பாடிய கோபாலகிருஷ்ண பாரதியார். நாற்பது வேலி நிலத்து வேலையையும் முடித்துவிட்டுச் சிதம்பரம் போ என்று அந்த வேதியர் சொல்வதும், சிவன் அருளால் ஒரே இரவிலே விளைந்து நிற்பதும் பாரதியாரின் படைப்பு. மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை இந்நூலுக்குச் சிறப்புப்பாயிரம் கொடுக்க முதலில் விரும்பவில்லை. பாரதியார் மீண்டும் மீண்டும் நடந்து வந்து, கடைசியிலேதான் பெற்றார் என்று உ.வே. சாமிநாதையர் எழுதிவைத்திருக்கிறார். மக்கள் ஒரு சிறப்புப்பாயிரத்துக்கும் காத்திருக்கவில்லை. காலட்சேபத்திலும் நாடகத்திலும் பரவி, கே.பி. சுந்தராம்பாள் நடித்து 1935 இலும், தண்டபாணி தேசிகர் நடித்து 1942 இலும் திரைப்படமாகவும் வந்தது. இன்று நந்தன் என்றால் நம் நினைவுக்கு வருபவர் சேக்கிழாரின் நந்தன் அல்லர், பாரதியாரின் நந்தனே.

ஏன் அப்படி? எங்கள் பக்கத்து மக்களிடம் கேட்டால் பதில் கிடைக்கும். தோட்டத்து வரலாற்றிலே துண்டு என்று ஒன்று இருந்தது. ஒரு தோட்டத்தை விட்டு மற்றத் தோட்டத்துக்குத் தொழிலாளி போகவேண்டுமானால், அவர் பட்டிருக்கும் கடன் இவ்வளவு, அதைக் கட்டினால் விடுவிக்கிறோம் என்று எழுதிய துண்டு கையிலே இருக்கவேண்டும். துண்டு இல்லாமல் போனால் அவர் ஓடிப்போனவர். பிடித்துத் தண்டிக்கச் சட்டம் இருந்தது. கடனோ கங்காணியின் கணக்கிலே வளர்ந்துகொண்டே போகும். அந்த முறை 1921 இலேதான் சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. நாற்பது வேலியை முடித்துவிட்டுப் போ என்ற சொல், துண்டுக்குக் கட்டுப்பட்டு வாழ்ந்தவர்களின் காதிலே புராணமாகவா விழுந்திருக்கும்? பாரதியார் தஞ்சைத் தரணியின் பண்ணைகளைப் பார்த்துப் பாடினார். அதே தஞ்சையிலிருந்தும் அதைச் சூழ்ந்த மாவட்டங்களிலிருந்தும் பஞ்சம் துரத்திய மக்களே கோப்பிக்கும் பின்னர் தேயிலைக்கும் றப்பருக்கும் இங்கே வந்தார்கள். அவர்களிலே பெரும்பகுதியினர் எந்தப் பாடியிலிருந்து வந்தவர்கள் என்பதை நான் சொல்லித் தெரியவேண்டியதில்லை. துண்டைப் பற்றிக் கைலாசபதி அக்கட்டுரையிலே எழுதவில்லை. கதை ஒவ்வொரு காலத்திலும் யாருடைய வாழ்வைத் தன்னுள் வாங்கிக்கொள்கிறது என்று பார்க்க அவர் சொல்லித் தந்ததால்தான் எனக்கு அது கண்ணிலே பட்டது.

இதே வழி நமக்கு ஓர் எச்சரிக்கையும் தருகிறது. பாரதியாரின் நந்தனைக் கொண்டுபோய்ச் சேக்கிழாரின் மீது ஏற்றக்கூடாது. மாணவர்கள் இத்தவற்றைத் தவறாமல் செய்வார்கள். நந்தன் புராணத்தில் வரும் பண்ணையாரின் கொடுமையை விளக்குக என்று கேட்டால், இல்லாத பண்ணையாரைப் பற்றி ஒன்றரைப் பக்கம் எழுதித் தருவார்கள்!

சேக்கிழாரிலே கொடுமை வேறு இடத்தில் இருக்கிறது. தில்லையின் எல்லைக்கு வந்த நந்தன் உள்ளே போகாமல், இரவும் பகலும் அந்த எல்லையையே வலம் வருகிறார். அப்பாடல்களைப் படிக்கும்போது சேக்கிழார் உள்ளம் உருகிப் பாடியிருக்கிறார் என்பதிலே எனக்கு ஐயம் இல்லை. பிறகு இறைவன் கனவிலே தோன்றி, தீயிலே மூழ்கி வா என்கிறார். தில்லைவாழ் அந்தணரிடம் தீ வளர்க்கச் சொல்கிறார். நந்தன் தீயிலிருந்து முப்புரிநூலும் சடைமுடியும் உடைய முனிவராக எழுகிறார், உள்ளே போகிறார், மறைகிறார்.

ஒருமுறை உயர்தர வகுப்பிலே மாணவி ஒருத்தி கேட்டாள்: “சேர், சாமி நந்தனின் கனவிலும் வந்தார், ஐயர்மாரின் கனவிலும் வந்தார். ஐயர்மாரிடம், அவனை அப்படியே உள்ளே விடுங்கள் என்று ஏன் சொல்லவில்லை?” வகுப்பு அமைதியாகிவிட்டது. திருப்புன்கூரிலே நந்தியை விலகச் சொன்ன சிவன் தில்லையிலே மனிதரை விலகச் சொல்லவில்லை என்று இன்னொருவன் சேர்த்துக்கொண்டான். இந்தக் கேள்வி பக்தி இல்லாத பிள்ளையின் கேள்வி அல்ல. ஆடிமாதம் தீமிதிப்புக்கு விரதம் இருக்கும் வீட்டுப் பிள்ளை அவள். சேக்கிழார் சோழ அரசிலே அமைச்சராக இருந்தவர். அடியவரைக் கோயிலுக்குள் கொண்டுசெல்ல அவர் அன்பு விரும்பியது, புலையரைப் புலையராகவே கொண்டுசெல்ல அவர் காலம் விடவில்லை என்று நான் விளக்கினேன். சரியான விளக்கம் என்றே இன்னும் நினைக்கிறேன். அவள் முழுவதும் ஏற்றுக்கொண்டதாகத் தெரியவில்லை.

‘புலைப்பாடியும் கோபுரவாசலும்’ என்ற தலைப்பு ஈழத்து வாசகருக்கு அப்போது வெறும் இலக்கியத் தலைப்பாக இருந்திருக்க முடியாது. நூல் வெளிவருவதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன்னர், 1968 இல், மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலிலே தாழ்த்தப்பட்ட மக்கள் உள்ளே செல்ல உரிமை கேட்டு நின்றார்கள். கற்றவர், கணிதப் பேராசிரியராக இருந்தவர், முன்னாள் அமைச்சர் சி. சுந்தரலிங்கம் அவர்களைத் தடுக்க முன்னின்றார். கைலாசபதி சார்ந்திருந்த இடதுசாரி அணி அப்போராட்டத்தின் பக்கத்தில் நின்றது. அவர் பழங்கதை ஆராய்ந்தார் என்பது உண்மை. அந்தப் பழங்கதையின் கோபுரவாசல் அன்றைய பத்திரிகையிலேயே இருந்தது என்பதும் உண்மை.

சமயத்தை அவர் வறட்டுத்தனமாகப் பார்த்தார் என்ற குற்றச்சாட்டு அக்காலத்திலேயே எழுந்ததுதான். அதை வலிமையாகச் சொன்னவர் புங்குடுதீவைச் சேர்ந்த மு. தளையசிங்கம். முற்போக்கு அணியினர் மனிதனின் ஆன்மிகத் தேட்டத்தை மறந்துவிட்டார்கள் என்பது அவர் வாதம். அந்த வாதத்திலே கனம் உண்டு. கைலாசபதி நாயன்மாரைப் பற்றி எழுதும்போது அவர்கள் ஏன் அழுதார்கள் என்பதற்கு இடமே கொடுப்பதில்லை என்பதை நானும் உணர்ந்திருக்கிறேன். ஆனால் இதையும் சேர்த்து நினைத்துக்கொள்ளவேண்டும். ஆன்மிகவாதியான அதே தளையசிங்கம் 1970களின் தொடக்கத்திலே, தாழ்த்தப்பட்ட மக்களுக்கு நன்னீர்க் கிணற்றில் தண்ணீர் அள்ளும் உரிமை வேண்டுமென்று புங்குடுதீவிலே சத்தியாக்கிரகம் செய்தவர். கொள்கையிலே மோதிக்கொண்ட இருவரும் வாசலின் எந்தப் பக்கத்தில் நிற்பது என்பதில் மோதிக்கொள்ளவில்லை. நேயர் கேட்ட கேள்விக்கு என்னிடமுள்ள பதில் இதுதான். நூலை எழுதியவர் கடவுளை நம்பினாரா என்று கேட்டுவிட்டு நூலைத் திறப்பதானால் நாம் பாதி நூலகத்தை மூடிவிட வேண்டியதுதான்.

கைலாசபதியிடம் எனக்கு உள்ள குறை வேறு. சங்க காலத்துக் குறிஞ்சியை அவ்வளவு நுட்பமாகப் பார்த்தவர், இந்த நாட்டு மலைகளிலே வாழ்ந்த தமிழரின் வழிபாட்டையும் வாய்மொழிப் பாடலையும் அதே கண்ணால் ஆராய்ந்து ஒரு நூல் எழுதவில்லை. பாணர் வாய்மொழியாகப் பாடிய முறையைக் கிரேக்கத்தோடு ஒப்பிட்ட ஆய்வாளருக்கு, காமன் கூத்திலும் பொன்னர் சங்கரிலும் விடிய விடியப் பாடும் தோட்டத்து வாத்தியார் எவ்வளவு பெரிய சான்று! அவர் இன்னும் இருபது ஆண்டுகள் இருந்திருந்தால் எழுதியிருப்பாரோ என்னவோ. மலையக ஆய்வாளர் சிலர் பின்னர் அந்த வேலையைத் தொட்டார்கள். அதிலும் நுவரெலியா, பதுளைப் பக்கம் கிடைத்த கவனம் சப்ரகமுவைக்குக் கிடைக்கவில்லை. சிங்களக் கிராமங்களின் நடுவே றப்பர்த் தோட்டங்களிலே சிதறிக் கிடக்கும் தெகியோவிட்ட, யட்டியாந்தோட்ட, கித்துல்கலப் பக்கத்து மக்களின் சாமிகளையும் கதைகளையும் யார் எழுதிவைத்தார்கள்? கவ்வாத்துச்சாமியை அறிந்த முதியவர்கள் குறைந்துகொண்டு வருகிறார்கள். பால் வெட்டும் மலைக்கென்று ஒரு காவல் சாமி இருந்ததா என்று என் மாணவர்கள் சிலர் லயங்களிலே கேட்டு எழுதத் தொடங்கியிருக்கிறார்கள். ஒரு கொப்பி நிரம்பியிருக்கிறது.

இந்நூல்களை வாசிக்க விரும்பும் நேயர்கள் நந்தன் கட்டுரையிலிருந்து தொடங்கலாம். பெரியபுராணத்தில் திருநாளைப்போவார் புராணத்தையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். நாற்பதுக்கும் குறைவான பாடல்கள்தாம், கடினமான தமிழும் அல்ல. அச்சுப் பிரதி கிடைக்காதவர்கள் நூலகம் என்ற மின்னூலகத்திலே தேடிப் பார்க்கலாம். கைலாசபதியின் நூல்கள் பலவற்றை அங்கே இலவசமாகவே வாசிக்கலாம். கடிதம் எழுதிய நேயரும் வாசித்துவிட்டு மீண்டும் எழுதவேண்டும். மூர்த்தி நாயனாரைப் பற்றி நான் எழுப்பிய தடைக்கு அவரிடம் ஒரு பதில் இருக்கலாம்.